லிசியு கார்மேல் மடம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கான்வென்ட் என்றால் பள்ளிக்கூடம்தானே?

நம் ஊரில் அப்படி ஆகிவிட்டது. "பிள்ளை கான்வென்ட்டில் படிக்கிறான்" என்று சொல்லிச் சொல்லியே, கன்னியர் நடத்தும் பள்ளிக்குக் கன்னியர் குடியிருக்கும் வீட்டின் பெயர் ஒட்டிக்கொண்டது. கன்னியர் மடங்களில் இரண்டு வகை உண்டு. பள்ளி, மருத்துவமனை, அநாதை இல்லம் என்று வெளியே வந்து பணி செய்கிற சபைகளைத்தான் நாம் தினமும் பார்க்கிறோம். மற்றொரு வகை அடைப்பு மடம். அங்குள்ளவர்கள் பள்ளி நடத்துவதில்லை, மருந்து கொடுப்பதில்லை, வீதியில் நடப்பதும் இல்லை. செபம்தான் அவர்கள் தொழில். இந்தப் பக்கம் அந்த இரண்டாவது வகையைப் பற்றியது. எடுத்துக்காட்டாக எடுத்திருப்பது பிரான்சின் நார்மண்டிப் பகுதியில், லிசியு நகரில் உள்ள கார்மேல் மடம். பின்னாளில் புனிதரான குழந்தை தெரேசம்மாள் (இனி தெரேசா) வாழ்ந்து இறந்த இடம். 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஓர் அடைப்பு மடத்தில் மணிக்கு மணி என்ன நடந்தது என்று இவ்வளவு துல்லியமாகத் தெரிகிற இடங்கள் அதிகம் இல்லை.

அதை யார், எப்போது தொடங்கினார்கள்?

1838-இல். கோஸ்லேன் குடும்பத்து அக்கா தங்கை இருவர் கார்மேல் சபையில் சேர விரும்பினார்கள். சொவாஜ் என்ற குரு அவர்களுக்கு உதவினார். புவாத்தியே நகரத்து மடம் அவர்களுக்குப் பயிற்சி கொடுத்ததோடு, அனுபவமுள்ள இரண்டு கன்னியரையும் கூட அனுப்பிவைத்தது. அந்த இருவரில் ஒருவர்தான் மதர் ஜெனவியேவ். தெரேசா சேர்ந்தபோது அவர் முதியவராக மடத்தில் இருந்தார்.

பிரஞ்சுப் புரட்சி 1792-இல் மடங்களைக் கலைத்திருந்தது. கொம்பியேன் மடத்துக் கார்மேல் கன்னியர் 16 பேர் 1794 ஜூலை 17 அன்று பாரிசில் தலை வெட்டிக் கொல்லப்பட்டார்கள் (திருத்தந்தை பிரான்சிஸ் 2024 டிசம்பரில் அவர்களைப் புனிதர்களாக அறிவித்தார்). அதற்கு 44 ஆண்டுகள் கழித்துத்தான் லிசியு மடம் எழுந்தது.

கார்மேல் சபையின் மூலம் எது?

பாலஸ்தீனத்தின் கார்மேல் மலைக் குகைகளில் தனித்தனியாக வாழ்ந்த துறவிகள். எருசலேம் மறைமுதுவர் ஆல்பர்ட் 1206-க்கும் 1214-க்கும் இடையில் அவர்களுக்கு ஒரு சிறிய ஒழுங்கு எழுதிக் கொடுத்தார். ஆளுக்கொரு தனி அறை, இரவும் பகலும் ஆண்டவரின் திருச்சட்டத்தைத் தியானிப்பது, புலால் மறுப்பது, செப்டம்பர் 14 திருச்சிலுவைத் திருநாள் முதல் பாஸ்கா (உயிர்ப்பு ஞாயிறு) வரை நோன்பு, பேச்சில்லாத கைவேலை. லிசியு மடத்தின் எலும்புக்கூடு இதுதான்.

அதற்குச் சதை கொடுத்தவர் ஸ்பெயினின் அவிலா தெரேசா. அவர் முதலில் இருந்த அவதார மடத்தில் கன்னியர் நூறு பேருக்கும் மேல். அத்தனை பேருக்கும் சோறு போட மடத்தால் முடியவில்லை. அதனால் பலர் உறவினர் வீடுகளில் போய்த் தங்கினார்கள், பார்லரில், அதாவது பார்வையாளரைச் சந்திக்கும் அறையில், விருந்தினர் கூட்டம் ஓயவில்லை, தியானம் குலைந்தது. கட்டுப்பாடு தளர்ந்ததற்கு ஒரு பெரிய காரணம் பசி என்பதை அவர் கண்டார். 1562 ஆகஸ்ட் 24 அன்று நான்கு பெண்களோடு புனித சூசையப்பர் மடத்தைத் தொடங்கியபோது, ஆள் எண்ணிக்கையை 13 என்று வைத்தார். பிறகு 21 வரை விட்டார். ஒருவரை ஒருவர் நன்றாக அறிந்த சின்னக் குடும்பம், நாளுக்கு இரண்டு மணி நேரம் மௌன தியானம், இரண்டு முறை கூடிச் சிரித்துப் பேசும் நேரம். கடைசியாகச் சொன்னதைப் பலர் மறந்துவிடுகிறார்கள். தவத்தின் அளவுக்கு மகிழ்ச்சியும் அவருடைய திட்டத்தில் சேர்ந்ததுதான்.

1888-இல் லிசியுவில் 26 பேர் இருந்தார்கள். வரம்பை அது சற்றுத் தாண்டிய எண்ணிக்கை.

ஒரு நாள் எப்படிப் போகும்?

கோடைகாலக் கால அட்டவணை இது. காலை 4:45-க்கு ஒரு கன்னியர் மரக்கிலுகிலுப்பையைத் தட்டிக்கொண்டே தாழ்வாரத்தில் போவார். எழுந்து, உடுத்தி, 5 மணிக்குச் செபக்கூடத்தில் இருக்க வேண்டும். 5 முதல் 6 வரை மௌன தியானம். 6-க்குத் திருப்புகழ்மாலையின், அதாவது நாளின் வேளைகளுக்கெனப் பிரித்த செபங்களின், சிறு வேளைச் செபங்கள். 7-க்குத் திருப்பலி. 8 மணிக்கு வேலை. 9:50-க்குப் பத்து நிமிடம் ஆன்ம சோதனை. 10 மணிக்குச் சாப்பாடு. நாளின் பெரிய சாப்பாடு அதுதான். 11 முதல் 12 வரை ரெக்ரியேஷன், அதாவது கூடிப் பேசும் நேரம். 12-க்கு ஒரு மணி நேரம் மௌனம், படுத்துக்கொள்ளலாம். 1 மணிக்கு மறுபடி வேலை. 2-க்கு மாலைப் புகழ், 2:30-க்கு ஞான வாசகம், 3 மணி முதல் வேலை, 5 மணிக்கு இரண்டாவது மௌன தியானம், 6-க்கு இரவு உணவு, 6:45-க்கு ரெக்ரியேஷன், 7:40-க்கு இரவுச் செபம். 8 மணிக்குப் பெரிய மௌனம் தொடங்கும். 8 முதல் 9 வரை தனி நேரம். 9 மணிக்கு மறுநாளுக்குரிய நள்ளிரவுப் புகழையும் காலைப் புகழையும் சேர்த்துப் பாடி முடித்துப் படுக்கும்போது 10:30 தாண்டி 11-ஐ நெருங்கும்.

குளிர்காலத்தில் காலை நிகழ்ச்சிகள் எல்லாம் ஒரு மணி நேரம் தள்ளிப்போகும். நோன்பு நாட்களில் சாப்பாடு 11-க்கு. மதியத் தூக்கம் போய்விடும், ஆகவே 1 மணிக்குப் பிறகு இரண்டு அட்டவணைகளும் ஒன்றுதான்.

இதில் கவனிக்க வேண்டியது நேரம் எவ்வளவு பொடிப்பொடியாக வெட்டப்பட்டிருக்கிறது என்பது. தொடர்ந்து மூன்று மணி நேரம் ஒரே வேலை எதுவும் கிடையாது. தைத்துக்கொண்டிருப்பவர் மணி அடித்தால் ஊசியை அப்படியே வைத்துவிட வேண்டும். எழுதுகிறவர் எழுத்தைப் பாதியில் நிறுத்த வேண்டும். வெளியாருக்கு இது இராணுவம் போலத் தோன்றும். உள்ளே வாழ்ந்தவர்களுக்கோ, "இப்போது நான் என்ன செய்ய வேண்டும்?" என்ற கேள்வியே எழாமல் மனதைச் செபத்துக்கு விட்டுவைக்கும் ஏற்பாடு அது. மதில்சுவரைவிட மணிதான் மடத்தை மடமாக்குகிறது என்று துணிந்து சொல்லலாம்.

அந்தத் தூக்கம் போதுமா?

போதாது. கோடையில் இரவில் ஆறு மணி நேரத்துக்கும் குறைவு. மதியத்தில் ஒரு மணி நேரம் இருந்ததால் ஒப்பேறியது. தியான நேரத்தில் தூங்கிவிழுவது இளையவர்களுக்கு வாடிக்கை. குழந்தை தெரேசாவே ஏழு ஆண்டுகளாகத் தியானத்தில் தூங்கிப்போவதை ஒளிக்காமல் எழுதியிருக்கிறார். தூங்கும் பிள்ளையும் விழித்திருக்கும் பிள்ளையும் பெற்றோருக்கு ஒன்றுதான் என்று தேற்றிக்கொண்டார்.

என்ன சாப்பிட்டார்கள்?

மாமிசம் கிடையாது, நோயாளிக்கு மட்டும் உண்டு. ரொட்டி, காய்கறி, பருப்பு வகைகள், முட்டை, பால், மீன். சாப்பாட்டறையில் ஒருவர் வாசிக்க, மற்றவர்கள் பேசாமல் உண்பார்கள். குடிக்கத் தண்ணீரோடு அந்தப் பகுதியின் ஆப்பிள் சாறோ பீரோ கொஞ்சம் வைப்பார்கள். நார்மண்டியில் அது அன்றாட மேசைப் பழக்கம், ஆடம்பரமாக யாரும் எண்ணவில்லை. பரிமாறியதை மறுக்கவும் கூடாது, வேண்டியதைக் கேட்கவும் தயங்குவார்கள் என்பதால், எந்தத் தட்டு யாருக்கு ஒத்துக்கொள்ளவில்லை என்று சமையற்கட்டுக்குத் தெரிவதே சிரமமாக இருந்தது.

பேசவே மாட்டார்களா?

பேசுவார்கள். இரண்டு ரெக்ரியேஷன்களிலும் தாராளமாக. கை சும்மா இருக்காது. தையலோ பின்னலோ ஓடிக்கொண்டே இருக்கும். மற்ற நேரத்தில் வேலைக்குத் தேவையான சொல் மட்டும், அதுவும் தாழ்ந்த குரலில். இரவு 8-க்குப் பிறகு அதுவும் இல்லை.

என்னென்ன வேலைகள்?

ஒரு வீட்டில் இருக்கும் அத்தனையும். அதோடு வருமானத்துக்கான வேலையும். பொறுப்புகளை மதர், அதாவது மடத்தின் தலைவி, பங்கிடுவார். சில ஆண்டுகளுக்கு ஒருமுறை மாற்றுவார். தெரேசா முதலில் துணிகள் பேணும் அறையில் இருந்தார். ஒரு படிக்கட்டையும் தாழ்வாரத்தையும் கூட்டினார், மாலை 4:30-க்குத் தோட்டத்தில் களை பிடுங்கினார். பிறகு சாப்பாட்டறை, அதன்பின் 1891-இல் சக்ரீஸ்து (திருப்பலிப் பொருள்கள் வைக்கும் அறை), 1893 முதல் படம் வரைதல், நவதுறவிகளை (பயிற்சியில் உள்ள புதியவர்களை) வழிநடத்தும் பணியில் துணை.

துணி வெளுப்பது பெரிய வேலை. குளிர்காலத்தில் குளிர்ந்த நீரில் அலச வேண்டும். கோடையில் கொதிநீர் ஆவி நிறைந்த அறையில் நிற்க வேண்டும். தொட்டியைச் சுற்றி எதிரெதிராக நின்று துவைக்கும்போது அழுக்கு நீர் எதிரில் இருப்பவர் முகத்தில் தெறிக்கும். தெரேசா முகத்தைப் பின்னுக்கு இழுக்கப்போய், பிறகு இழுக்காமல் நின்றதாக எழுதியிருக்கிறார். சின்னச் சின்னச் செயல்களை அன்போடு செய்து கடவுளை நாடும் அவருடைய "சிறு வழி" என்பது பெரும்பாலும் இந்த அளவில் உள்ள விஷயம்தான்.

திருப்பலிக்கான ஓஸ்தி என்ற மெல்லிய அப்பம் செய்வதும் மடத்தில் நடந்தது. இன்றும் பல கார்மேல் மடங்களுக்கு அதுதான் பிழைப்பு. முறை எளியதாகத் தோன்றும், கைக்குள் அடங்கச் சில மாதம் ஆகும். கோதுமை மாவும் தண்ணீரும் மட்டும். உப்பு, ஈஸ்ட், சர்க்கரை எதுவும் சேரக் கூடாது, சேர்த்தால் திருப்பலிக்கு ஆகாது. மாவை தோசை மாவைவிட நீர்க்கக் கரைத்து, கட்டியில்லாமல் வடிகட்ட வேண்டும். நீண்ட கைப்பிடியுள்ள இரட்டை இரும்புத் தட்டைச் சூடாக்கி, நடுவில் கொஞ்சம் ஊற்றி அழுத்தி மூடினால் ஆவி சீறிக்கொண்டு பக்கவாட்டில் வெளியேறும். ஒன்றிரண்டு நிமிடத்தில் அப்பளம் போன்ற மெல்லிய தகடு வரும். சூடு கூடினால் பழுப்பேறும். குறைந்தால் ஒட்டிக்கொண்டு கிழியும்.

புதிதாகச் செய்பவர்கள் தவறுவது அடுத்த கட்டத்தில். சுட்ட தகட்டை உடனே வெட்டினால் நொறுங்கிவிடும். ஈரக்காற்றுள்ள அறையில் சில மணி நேரம், அல்லது இரவு முழுக்க வைத்து இளக விட வேண்டும். ஈரம் அதிகமானால் வளைந்து சுருண்டுவிடும், நாள்பட்டால் பூஞ்சையும் பிடிக்கும். பதமாக இளகியதை வட்டமாக வெட்டி, மறுபடி உலர்த்தி, சல்லடையில் சலித்துத் தூளையும் உடைந்ததையும் நீக்க வேண்டும். தூள் இருந்தால் திருப்பலிப் பீடத்தில் உதிரும். அதனால்தான் சலிப்பதில் அவ்வளவு கண்டிப்பு.

எல்லோரும் ஒரே வேலையா செய்தார்கள்?

இல்லை. இலத்தீன் செபம் பாடும் பாடகக் கன்னியர் ஒரு பிரிவு, சமையல் முதலான கடின வேலை செய்த வெள்ளை முக்காட்டுச் சகோதரிகள் மற்றொரு பிரிவு. பின்னவர்கள் திருப்புகழ்மாலைக்குப் பதிலாகக் கர்த்தர் கற்பித்த செபத்தை எண்ணிக்கை வைத்துச் சொல்வார்கள். அவர்களுக்கு மடத்துத் தேர்தலில் ஓட்டு இல்லை. இரண்டாம் வத்திக்கான் சங்கத்துக்கு (1962–65-இல் கூடிய ஆயர்களின் பேரவைக்கு) பிறகு இந்தப் பிரிவினை போயிற்று. போனது நல்லது. செபத்திலும் உழைப்பிலும் ஒன்றாக இருந்தவர்களை வரதட்சணையும் படிப்பும் பிரித்து வைத்திருந்தன.

உடை?

பழுப்புக் கம்பளி அங்கி, தோல் இடைவார், அதில் தொங்கும் செபமாலை, முன்னும் பின்னும் விழும் பழுப்பு உத்தரியம், முகத்தைச் சுற்றி வெள்ளைத் துணி, மேலே முக்காடு. நவதுறவிக்கு வெள்ளை, வார்த்தைப்பாடு (துறவு வாக்குறுதி) கொடுத்த பாடகக் கன்னியருக்குக் கறுப்பு. திருநாட்களில் வெள்ளைப் போர்வை. காலில் கயிற்றுச் செருப்பு. அந்தக் கம்பளி கோடையில் வாட்டும். நனைந்தால் காய ஒரு யுகம் ஆகும்.

நோய் வந்தால்?

இதுதான் அந்த வாழ்வின் மிகக் கடினமான பகுதி. மடம் முழுவதும் சூடேற்றப்பட்ட பொது அறை ஒன்றே ஒன்று; தனியறைகளில் கணப்பு இல்லை. வைக்கோல் மெத்தை, ஈரமான நார்மண்டிக் குளிர், நீண்ட நோன்பு, குறைந்த தூக்கம். 1891 டிசம்பர் கடைசியில் இன்ஃப்ளுயன்சா மடத்துக்குள் புகுந்தபோது ஏறக்குறைய எல்லோரும் படுத்துவிட்டார்கள். 1892 ஜனவரி 2, தெரேசாவின் 19-ஆவது பிறந்த நாளன்று முதல் மரணம். அடுத்தடுத்து மேலும் இருவர். நடமாட முடிந்த சிலரில் தெரேசாவும் ஒருவர். இறந்தவர்களை ஒழுங்குபடுத்தியது, நோயாளிகளைக் கவனித்தது, திருப்பலிக்கு ஆயத்தம் செய்தது எல்லாம் அவர்கள்தான்.

அவருக்கே 1896 ஏப்ரலில், பெரிய வியாழன் இரவில், வாயில் இரத்தம் வந்தது. காசநோய். 1897 ஜூலை 8 அன்று நோயாளர் அறைக்கு இறக்கினார்கள். செப்டம்பர் 30 அன்று, 24 வயதில் இறந்தார். குளிர் தன்னை வதைத்ததை அவர் கடைசியில்தான் சொன்னார். ஒழுங்கை எழுத்துக்கு எழுத்து காப்பதில் உடலை மறந்துவிட்ட தவறு அந்தக் காலத்து மடங்களில் இருந்தது. அதை மறைக்கத் தேவையில்லை.

குடும்பத்தார் பார்க்க வர முடியுமா?

முடியும். பார்லரில் இரும்புக் கம்பி வலை, அதன்மேல் திரை. நெருங்கிய உறவினருக்குத் திரையை விலக்குவார்கள். மணற்கடிகாரம் வைத்து அரை மணி நேரம். கிறிஸ்துமசுக்கு முந்தைய திருவருகைக்காலத்திலும் தவக்காலத்திலும் பார்லரும் இல்லை, கடிதமும் இல்லை. பொருள்கள் வந்து போகச் சுவரில் ஒரு சுழல்பெட்டி: பீப்பாய் போன்ற மரப்பெட்டி, ஒரு பக்கம் மட்டும் திறப்பு. வெளியிலிருந்து வைத்துச் சுற்றினால் உள்ளே போகும். யார் முகமும் தெரியாது. வெளி வேலைகளைப் பார்க்க அடைப்புக்கு வெளியே குடியிருக்கும் சகோதரிகள் இருந்தார்கள்.

கம்பிக்குள் வலுக்கட்டாயமாக வைக்கிறார்களா?

இல்லை. கன்னியர் மடங்களுக்கு அடைப்பைச் சட்டமாக்கியது 1298-இல் திருத்தந்தை எட்டாம் போனிபாஸ். 1563-இல் திருச்சபை ஆயர்களின் பேரவையான திரிதெந்து சங்கம் அதை மறுபடி இறுக்கியது. பழைய நாட்களில் குடும்பங்கள் பெண்ணின் விருப்பம் கேளாமல் மடத்தில் தள்ளியதும் உண்டு. அதையும் திரிதெந்து சங்கமே தண்டனை போட்டுத் தடுத்தது. லிசியுவில் நடந்தது நேர்மாறு. உள்ளே போக தெரேசா போராட வேண்டியிருந்தது. மடத்துக்குப் பொறுப்பான குரு 21 வயதாகட்டும் என்றார். தெரேசா ஆயரிடம் போனார். 1887 நவம்பர் 20 அன்று ரோமில் திருத்தந்தை பதின்மூன்றாம் லியோவின் காலடியில் முழந்தாளிட்டுக் கேட்டார். 1888 ஏப்ரல் 9 அன்று, 15 வயதில், வாசல் திறந்தது.

இன்று வாக்களிக்க, மருத்துவரைப் பார்க்க வெளியே போகலாம். தற்காலிக வார்த்தைப்பாடு முடிந்ததும் விலகிவிடலாம். நித்திய வார்த்தைப்பாட்டுக்குப் பிறகு விலக ரோமின் அனுமதி வேண்டும்.

சேருவதற்குப் படிகள் என்ன?

தெரேசாவின் காலத்தில் விரைவு: 1889 ஜனவரி 10 அன்று அங்கி, 1890 செப்டம்பர் 8 அன்று நித்திய வார்த்தைப்பாடு, அதே மாதம் 24 அன்று கறுப்பு முக்காடு. இதில் எட்டு மாதம் தாமதமும் அடக்கம்.

இப்போது 2018-இன் வத்திக்கான் விதிகள்படி: ஆர்வலராக 12 மாதமாவது, பிறகு முன்பயிற்சி ஓராண்டாவது, நவதுறவு இரண்டு ஆண்டு, தற்காலிக வார்த்தைப்பாட்டில் ஐந்து ஆண்டு. மொத்தம் ஒன்பது ஆண்டுக்குக் குறையக் கூடாது. 17 வயது நிறையாமல் நவதுறவில் ஏற்றால் அது செல்லாது. நவதுறவு முடியும்வரை எப்போது வேண்டுமானாலும் அவரும் போகலாம், மடமும் அனுப்பலாம். நீளமாகத் தெரிந்தாலும் இது நியாயம். ஒரே வீட்டில் சாகும்வரை இருப்பதாகச் சொல்வதற்கு முன் பல குளிர்காலங்களைப் பார்த்திருக்க வேண்டும்.

தலைவியை யார் நியமிக்கிறார்கள்?

யாரும் நியமிப்பதில்லை, மூன்றாண்டுக்கு ஒருமுறை இரகசிய ஓட்டு. 1893 பிப்ரவரியில் தெரேசாவின் அக்கா போலின், மதர் ஆக்னஸ் என்ற பெயரில் தலைவியானார். 1896 மார்ச்சில் ஏழு சுற்று ஓட்டுக்குப் பிறகே மதர் மரி த கொன்சாகு வென்றார். ஏழு சுற்று என்றாலே உள்ளே எவ்வளவு இழுபறி என்று ஊகிக்கலாம். ஒரே குடும்பத்தில் இரண்டு பேருக்கு மேல் ஓட்டுரிமை கூடாது என்ற விதியால், அக்காமார் இருவர் ஏற்கெனவே இருந்ததால், தெரேசாவுக்குக் கடைசிவரை ஓட்டு இல்லை. நவதுறவியர் பகுதியிலேயே இருந்தார்.

இத்தனை பேர் ஒன்றாக இருந்தால் சச்சரவு வராதா?

வரும். மடத்துத் தவத்தில் பெரும்பங்கு அதுதான். செபத்தில் பின்னாலிருந்து ஓயாமல் சத்தம் எழுப்பும் ஒருவர், எதைச் செய்தாலும் குறை காணும் மற்றொருவர். வாதநோயால் நடக்க முடியாத முதியவர் சகோதரி சேன்ட்-பியர். மாலைத் தியானத்தில் 6 மணிக்குப் பத்து நிமிடம் இருக்கும்போது அவர் தன் மணற்கடிகாரத்தை ஆட்டுவார். "போகலாம்" என்று பொருள். முதலில் முக்காலியைக் குறிப்பிட்ட விதமாக நகர்த்த வேண்டும், அவசரப்படக் கூடாது. பின்னாலிருந்து இடைவாரைப் பிடித்துக்கொண்டு நடத்த வேண்டும். விரைந்தால் "ஓடுகிறாய், விழப்போகிறேன்" என்பார், மெதுவாகப் போனால் "உன் கை தெரியவில்லை, விட்டுவிட்டாயா?" என்பார். சாப்பாட்டறையில் உட்கார வைத்து, கைமடிப்பை அவர் சொல்லும் விதத்தில் மடித்துவிட வேண்டும். அத்தோடு கடமை முடிந்தது. ஆனால் ஊனமான கைகளால் அவர் ரொட்டி வெட்டத் திணறுவதைக் கவனித்த தெரேசா, கேட்காமலே வெட்டிக் கொடுத்து, ஒரு சிரிப்பும் சிரித்துவிட்டு வந்தார். கிழவியின் மனம் இளகியது அந்த ரொட்டியால்.

அவர்களை உலகம் எப்படி அறிந்தது?

மதர்களின் கட்டளைப்படி தெரேசா எழுதிய குறிப்பேடுகளை மதர் ஆக்னஸ் திருத்தி, 1898 செப்டம்பர் 30 அன்று 2,000 பிரதிகளாக மடம் வெளியிட்டது. மற்றது புகைப்படம். 1894 செப்டம்பரில் சேர்ந்த தெரேசாவின் அக்கா செலின், கேமராவோடு உள்ளே வந்தார். அந்நாளில் அடைப்பு மடத்தில் அது அரிய காட்சி. சில விநாடிகள் அசையாமல் நிற்க வேண்டியிருந்ததால்தான் படங்களில் முகங்கள் இறுகியிருக்கின்றன. 1925 மே 17 அன்று தெரேசா புனிதரானார். 1927-இல் மறைபரப்புப் பணிகளின் பாதுகாவலராக, முத்துக்குளித்துறையில் நடந்து திரிந்த சவேரியாரோடு சேர்த்து அறிவிக்கப்பட்டார். மதிலைத் தாண்டாத பெண்ணுக்கு அந்தப் பட்டம் பொருந்துமா என்று கேட்பவர்களுக்குச் சொல்ல ஒன்று உண்டு: லிசியு மடம் 1861-லேயே வியட்நாமின் சைகோனுக்குக் கன்னியரை அனுப்பி அங்கே ஒரு கார்மேலைத் தொடங்கியிருந்தது. அதிலிருந்து 1895-இல் ஹனாய் மடம் பிறந்தது. தெரேசா ஹனாய் போகவே ஆசைப்பட்டார்; உடல் இடங்கொடுக்கவில்லை.

மடத்தைக் காலி செய்த நாள் உண்டா?

1944 ஜூனில், நேச நாடுகளின் குண்டுவீச்சில் லிசியு நகரின் பெரும்பகுதி அழிந்தபோது, கன்னியர் குன்றின் மேலுள்ள பெருங்கோவிலின் நிலவறைக் கோவிலில் தஞ்சம் புகுந்தார்கள். கோடை முடியும்வரை அங்கேயே இருந்தார்கள். சுற்றிலும் நகரம் எரிந்தும் மடம் தப்பியது.

இன்று போனால் என்ன பார்க்கலாம்?

பாரிசின் சேன்-லசார் நிலையத்திலிருந்து இரண்டு மணி நேரத்துக்குள் ரயிலில் போய்விடலாம். மடத்துச் சிற்றாலயம் எல்லோருக்கும் திறந்திருக்கும். வலப்புறம் தெரேசாவின் திருப்பண்டங்கள் உள்ள பேழை. அவருடைய அறையும் தாழ்வாரமும் அடைப்புக்குள் இருப்பதால் பார்க்க முடியாது. கன்னியர் இன்றும் அங்கே வாழ்கிறார்கள். அவர்களைப் படமெடுக்க முயல வேண்டாம். திருப்பலி நேரத்துக்குப் போனால் கம்பிக்கு அப்பாலிருந்து அவர்கள் பாடுவது கேட்கும்.